பாண்டுரங்கத்தின் வயல்வெளிகளில் ஒரு பகல்

பாண்டுரங்கம் என்றதும் தமிழ் வாசகர்களின் நினைவுக்கு வருவது பண்டரிபுரத்து விட்டலனாகவே இருக்கும். அதே பெயரில் ஓர் அரசு வியட்நாமின் தென்கிழக்குக் கரையோரத்தில் 1832ஆம் ஆண்டு வரை இருந்தது என்ற செய்தியை, நாற்பது ஆண்டுகள் பத்திரிகைத் தொழிலில் உழன்ற நானும் ஓய்வுபெற்ற பின்னரே சரிவர அறிந்துகொண்டேன். அந்த அரசின் பெயர் தேய்ந்து இன்று ‘ஃபான் ராங்’ என்று வழங்குகிறது. 2023 மார்ச்சில் வியட்நாமுக்குச் சென்றிருந்தபோது அந்நகரில் மூன்று நாட்கள் தங்கினேன். அதில் ஒரு நாளை வழிகாட்டியுடன் துவிச்சக்கரவண்டியில் கிராமங்களைச் சுற்றிப் பார்ப்பதற்கு ஒதுக்கினேன். இக்கட்டுரை அந்த ஒரு பகலைப் பற்றியது.

சைக்கிளில் நாற்பது கிலோமீற்றர் என்றதும் விடுதிப் பணிப்பெண் என் நரையைப் பார்த்துத் தயங்கினார். 1990 யூனுக்குப் பின்னர் யாழ்ப்பாணத்தில் வாழ்ந்த எவருக்கும் இந்தத் தயக்கம் சிரிப்பையே தரும். எரிபொருள் தடைசெய்யப்பட்டிருந்த அந்த ஆண்டுகளில் மணமக்களும் நோயாளிகளும் சைக்கிளில்தான் சென்றனர். நாங்கள் செய்தி சேகரித்ததும் சைக்கிளில்தான். எனது முழங்கால்கள் அன்றே பயிற்சி முடித்தவை. ஆயினும் முப்பது ஆண்டுகளின் இடைவெளியை ஃபான் ராங்கின் காற்று எனக்கு உணர்த்தியது என்பதையும் இங்கே ஒப்புக்கொள்ள வேண்டும்.

எங்கள் குழுவில் ஐவர் இருந்தோம். பிரான்சிலிருந்து வந்த ஒரு தம்பதியர், சைகோனில் படிக்கும் ஒரு வியட்நாமிய மாணவி, நான், வழிகாட்டி. வழிகாட்டி முப்பது வயதைத் தொடாத சாம் இனத்து இளைஞர். ஆங்கிலம் நன்றாகப் பேசினார். என்னை மட்டும் ‘பாக்’ என்று அழைத்தார். தந்தைக்கு மூத்தவரை அழைக்கும் வியட்நாமியச் சொல் அது. நம்மூர்ப் பெரியப்பா என்று வைத்துக்கொள்ளலாம். அவருடைய பெயரை இங்கு நான் எழுதப்போவதில்லை. அதற்கான காரணம் பின்னால் தெளிவாகும்.

வெயில் ஏறுமுன் செல்ல வேண்டும் என்பதால் ஐந்தரை மணிக்கே புறப்பட்டோம். வியட்நாமில் மழை மிகக் குறைந்த பிரதேசம் இது. ஆண்டுக்கு 700 மில்லிமீற்றர் அளவே மழை. நகரின் விளிம்பைத் தாண்டியதும் என் கண்ணில் பட்டவை முந்திரிகைப் பந்தல்கள். அவற்றை அடுத்து வெங்காயப் பாத்திகளும் உள்ளிப் பாத்திகளும். வறண்ட மண், உப்புக் காற்று, பந்தலின் கீழ் குனிந்து கொடி கட்டும் பெண்கள். ஒரு கணம் உரும்பிராய்ப் பக்கம் வந்துவிட்டேனோ என்று மயங்கினேன். பனைகள் இல்லாததுதான் குறை.

முதலில் சென்றது போ க்லோங் கராய் கோயிலுக்கு. தாப் சாம் புகையிரத நிலையத்துக்கு அருகே, வெற்றிலைக் குன்று எனப்படும் சிறு பாறைக்குன்றின் மீது செங்கல்லாலான மூன்று கோபுரங்கள் நிற்கின்றன. ‘தாப் சாம்’ என்றாலே சாம் கோபுரம் என்றுதான் பொருள். 13ஆம் நூற்றாண்டின் இறுதியிலோ 14ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலோ மூன்றாம் ஜெயசிம்மவர்மன் கட்டியது இக்கோயில். வாயிலுக்கு மேல் ஆறு கரங்களுடன் ஆடும் சிவன். உள்ளே நந்தி. கருவறையில் முகலிங்கம். அந்த முகம் போ க்லோங் கராய் என்ற பழைய மன்னருடையது என்று சாம் மக்கள் நம்புகின்றனர்.

அந்த மன்னரின் கதையை வழிகாட்டி குன்றின் படிகளில் அமர்ந்து கூறினார். இளமையில் அவர் தொழுநோயாளி. வெற்றிலை விற்றுப் பிழைத்தவர். ஒருநாள் அவர் பாறையில் உறங்குகையில் ஒரு நாகம் வந்து உடலை நக்கியது, நோய் நீங்கியது. ‘கராய்’ என்பது அந்த நாகத்தைக் குறிக்கும் சொல். பின்னர் மன்னரான அவர் ஆற்றை மறித்து அணை கட்டினார், வாய்க்கால் வெட்டினார், வறண்ட நிலத்தில் நெல் விளைந்தது. நா ட்ரின் என்ற அந்த அணையும் அதன் வாய்க்கால்களும் திருத்தங்களுடன் இன்றும் வயல்களுக்கு நீர் தருகின்றன. கோயில் கட்டியதற்காக அல்ல, நீர் கொடுத்ததற்காகவே மக்கள் இவரைத் தெய்வமாக்கினர் என்பது வழிகாட்டியின் கருத்து. குளம் கட்டிய மன்னர்களின் கதைகளோடு வளர்ந்த இலங்கையர் எவருக்கும் இது விளங்கும்.

இங்கே ஒரு விடயத்தை நேர்மையாகச் சொல்ல வேண்டும். இத்தகைய இடங்களில் நிற்கும் தமிழர்களுக்கு நெஞ்சு விம்மும். எல்லாம் நம்மிடமிருந்து சென்றவை என்று எழுதத் தோன்றும். இணையத்தில் அப்படி எழுதப்பட்டவை ஏராளம். நிச்சயமாகச் சொல்லக்கூடியவை சிலவே. சாம் எழுத்து தென்னிந்தியப் பிராமி மரபில் பல்லவ எழுத்து வழியாக வந்தது. நா ட்ராங் அருகே 1885இல் கண்டெடுக்கப்பட்ட வோ கான் கல்வெட்டு தென்கிழக்காசியாவின் மிகப் பழைய சமஸ்கிருதக் கல்வெட்டுகளுள் ஒன்று. கி.பி. 2ஆம் நூற்றாண்டுக்கும் 4ஆம் நூற்றாண்டுக்கும் இடையில் அறிஞர்கள் அதற்குக் காலம் குறிக்கின்றனர். ஸ்ரீமாரன் என்ற அரசனின் குலத்தை அது குறிப்பிடுகிறது. பிரெஞ்சு அறிஞர் ழான் ஃபில்லியோசா இந்தப் பெயரைப் பாண்டியரின் மாறன் என்ற பட்டத்துடன் தொடர்புபடுத்தினார். அனைவரும் அதை ஏற்கவில்லை. கிராமத்தைச் சாம் மொழியில் ‘பலேய்’ என்பர். அது நம் பள்ளியோ பாளையமோ அல்ல. சாம் மொழி மலாய், அச்சே மொழிகளின் உறவு மொழி, பலேய் அந்தக் குடும்பத்துக்கே உரிய சொல். டொங் யென் சாவ் என்ற இடத்தில் கிடைத்த 4ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டுதான் அந்தப் பெருங்குடும்பத்தின் எந்த மொழியிலும் இன்று கிடைக்கும் மிகப் பழைய எழுத்துச் சான்று. மலாய் மொழிக்கும் மூத்த சான்று இது என்பதை நாம் நினைவிற் கொள்ள வேண்டும். கடல் வழியாக வந்த எழுத்தையும் தெய்வங்களையும் எடுத்துத் தம் மொழியை எழுதிக்கொண்ட மக்கள் அவர்கள். அந்தப் பெருமை அவர்களுடையது.

கோபுரத்தடியில்தான் அந்தக் கேள்வி வந்தது. சைகோன் மாணவி நல்ல பெண். கள்ளமற்றவர். ‘சாம் மக்கள் எந்த நாட்டிலிருந்து இங்கு வந்தார்கள்? இந்தியாவிலிருந்தா?’ என்று கேட்டார். எழுநூறு ஆண்டு பழமையான கோபுரத்தின் நிழலில் நின்றுகொண்டு கேட்டார். வழிகாட்டி புன்னகைத்தார். ‘அடுத்த கிராமத்திலிருந்து’ என்றார். பிரெஞ்சுத் தம்பதியர் சிரித்தனர். மாணவியும் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ‘நீங்கள் எப்போது வந்தீர்கள்?’ என்ற கேள்வியைப் பத்திரிகையாளனாக நான் கொழும்பில் பலமுறை எதிர்கொண்டிருக்கிறேன். அதற்கு இவ்வளவு சுருக்கமான ஒரு விடை எனக்கு ஒருபோதும் தோன்றியதில்லை.

கேள்விக்கான நீண்ட விடை வரலாற்றில் இருக்கிறது. சம்பா ஒரே பேரரசாக இருந்ததை விட, கரையோர ஆற்று முகங்களில் அமைந்த பல சிற்றரசுகளின் கூட்டாக இருந்தது என்றே இன்றைய ஆய்வாளர் பலர் கருதுகின்றனர். 192ஆம் ஆண்டையொட்டிச் சீனக் குறிப்புகளில் லின்யீ என்ற பெயரில் ஓர் அரசு தோன்றுகிறது. அமராவதி, விஜயா, கௌதாரா, பாண்டுரங்கா என்று வடக்கிலிருந்து தெற்காகப் பெயர்கள் வருகின்றன. வடக்கேயிருந்த தாய் வியட் அரசு தெற்கு நோக்கி நகர நகர, இவை ஒவ்வொன்றாக மறைந்தன. குன்றின் கோயிலைக் கட்டிய அதே ஜெயசிம்மவர்மன் 1306இல் வியட் இளவரசி ஹுயென் ட்ரானை மணம் முடித்தார். சீதனம் வாங்கவில்லை, கொடுத்தார். இன்றைய ஹுவே நகரை உள்ளடக்கிய இரு மாகாணங்களைக் கொடுத்தார். அடுத்த ஆண்டே அவர் இறந்தார். இளவரசி ஊர் திரும்பினார். மாகாணங்கள் திரும்பவில்லை. 1471இல் லே தான் தோங் மன்னரின் படை விஜயாவை வீழ்த்தியது. 1653இல் நுயென் பிரபுக்களிடம் கௌதாரா விழுந்தது. எஞ்சியது பாண்டுரங்கம்.

கௌதாரா விழுந்த கதையில் ஒரு துணைக்கதை உண்டு. நா ட்ராங்கில் ஆற்றங்கரைக் குன்றில் போ நகர் என்ற தேவியின் கோபுரங்கள் இருக்கின்றன. சாம் மக்கள் தெற்கே ஒதுங்கியபோது தங்கள் தேவியையும் தம்மோடு கொண்டுவந்துவிட்டனர் என்கிறது மரபு. இன்று ஃபான் ராங் அருகே ஹூ டுக் கிராமத்தில் அவளுக்குச் சிறு கோயில் இருக்கிறது. நா ட்ராங் கோபுரங்களில் அதே தேவியை வேறு பெயரில் வியட் மக்கள் வழிபடுகின்றனர். ஒரு தெய்வத்துக்கு இரண்டு முகவரிகள். சாம் மக்கள் குடியிருக்கும் முகவரிக்குச் சுற்றுலாப் பேருந்துகள் போவதில்லை.

ஆற்றைக் கடந்து தெற்கே பிரதான வீதியைத் தவிர்த்து, வாய்க்கால் கரைவழியே சென்றோம். நாற்று நட்ட வயல்கள், செம்மறியாட்டு மந்தைகள், எதிர்க்காற்று. பத்து மணியளவில் பாவ் ட்ரூக் கிராமத்தை அடைந்தோம். சாம் மொழியில் ஹமு சரோக். மட்பாண்டக் கிராமம். இத்தொழிலைக் கற்றுக்கொடுத்தவர் போ க்லோங் சான், அதாவது வெற்றிலை விற்ற அந்த மன்னரின் தோழர் என்று கிராமத்தவர் நம்புகின்றனர். அவருக்குக் கோயிலும் உண்டு.

எங்கள் ஊர்க் குயவர்கள் சக்கரத்தைச் சுழற்றிப் பானை வனைவர். இங்கே சக்கரமே இல்லை. ஒரு கவிழ்த்த சாடியின் மேல் மண்ணுருண்டை இருக்கிறது. அது அசைவதில்லை. அதைச் சுற்றிப் பெண்தான் நடக்கிறார். பின்புறமாக, இடுப்பை வளைத்து, ஒரு கை உள்ளேயும் ஒரு கை வெளியேயுமாக நடந்து நடந்து பானையை எழுப்புகிறார். குவாவ் ஆற்றின் களிமண்ணோடு மணலைக் கலந்து மிதிக்கின்றனர். சூளை கிடையாது. திறந்த வெளியில் வைக்கோலும் விறகும் அடுக்கிச் சுடுகின்றனர். தீ எங்கே எட்டியதோ அங்கே சிவப்பு, புகை எங்கே தங்கியதோ அங்கே கருமை. ஆகவே ஒரு பானை மற்றொன்றைப் போல இருப்பதில்லை. தொழில் தாயிடமிருந்து மகளுக்குச் செல்கிறது.

நாங்கள் பார்த்த பெண்ணுக்கு எழுபது வயதுக்கு மேலிருக்கும். வந்தவர்களுக்குச் செய்துகாட்டுவது அவரது அன்றாட வேலை. பத்து நிமிடத்தில் ஒரு குடம் எழுந்தது. பிரெஞ்சுக்காரர் கைதட்டினார். மூதாட்டி அந்தக் குடத்தைப் பார்த்தார், பிறகு இரு கைகளாலும் அமுக்கி மீண்டும் உருண்டையாக்கினார். அடுத்த குழு பதினொரு மணிக்கு. குடத்தை ஏன் சுடவில்லை என்று கேட்டேன். வழிகாட்டி மொழிபெயர்த்தார். தண்ணீர்க் குடத்தை யார் வாங்குவார்கள், வீட்டிலே நெகிழிக் கொள்கலன் இருக்கிறதே என்றாராம். விலைபோகின்றவை விடுதிகளுக்கான விளக்குக் கூடுகளும் சிறு கோபுரப் பிரதிமைகளும்தான். 2022 நவம்பரில் சாம் மக்களின் மட்பாண்டக் கலையை யுனெஸ்கோ தன் பட்டியலில் சேர்த்தது. எந்தப் பட்டியல் என்பதுதான் கவனிக்க வேண்டியது. மனிதகுலத்தின் பிரதிநிதித்துவக் கலைகளின் பட்டியல் அல்ல, அவசரப் பாதுகாப்பு வேண்டிய கலைகளின் பட்டியல். வைத்தியசாலை மொழியில் சொன்னால் சாதாரண வாட்டு அல்ல, தீவிர சிகிச்சைப் பிரிவு.

சுற்றுலா இவர்களைக் காப்பாற்றுகிறதா, காட்சிப்பொருளாக்குகிறதா என்று அன்று முழுவதும் யோசித்தேன். நானும் பணம் கொடுத்து வந்தவன்தான். அந்த மூதாட்டி வருத்தத்துடன் இருக்கவில்லை என்பதையும் எழுத வேண்டும். அவருடைய பேத்தி பக்கத்தில் அமர்ந்து மண் பிசைந்தாள். நாங்கள் வராவிட்டால் அந்தச் சிறுமி சைகோன் தொழிற்சாலையொன்றுக்கான வயதை எண்ணிக்கொண்டிருப்பாள் என்றார் வழிகாட்டி.

அருகிலேயே சக்லேங் என்னும் நெசவுக் கிராமம். வியட்நாமியப் பெயர் மீ ஙியெப். அங்கு அதிக நேரம் நிற்கவில்லை. கைத்தறிகளின் ஓசையும், விற்பனைக் கூடத்தின் மின்விசிறியும், கழுத்துத் துண்டுகளும். மாணவி ஒரு கைப்பை வாங்கினார். எனக்கு அந்தக் கிராமம் முக்கியமானது வேறொரு காரணத்துக்காக. 2005இல் தென்கிழக்காசிய எழுத்தாளர் விருது பெற்ற சாம் கவிஞர் இன்ராசரா பிறந்த ஊர் அது. வியட்நாமிய மொழியிலும் சாம் மொழியிலும் எழுதுபவர். விற்பனைக் கூடத்தில் அவரது நூல் ஏதாவது கிடைக்குமா என்று தேடினேன். கழுத்துத் துண்டுகளே இருந்தன.

நண்பகல் உணவு ஒரு வீட்டில். அங்கேதான் இச்சமூகத்தின் அமைப்பைப் புரிந்துகொண்டேன். சாம் மக்களிடையே தாய்வழி மரபு. திருமணமான ஆண் மனைவியின் வீட்டில் வாழ்கிறான். பெற்றோரைக் கடைசிவரை பார்ப்பவள் இளைய மகள், வீடும் அவளுக்கே. இறந்த பின்னர் ஆணின் எலும்பு மனைவியின் குலத்தோடு தங்குவதில்லை, தாயின் குல மயானத்துக்குத் திரும்புகிறது. பிராமணிய மரபைச் சேர்ந்தோர் உடலைத் தகனம் செய்து, நெற்றி எலும்பின் ஒன்பது துண்டுகளை ஒரு சிறு பேழையிலிட்டுக் காத்து, உரிய காலத்தில் ‘குத்’ எனப்படும் குலக் கற்களின் அடியில் சேர்க்கின்றனர்.

இம்மக்களில் ஒரு பகுதியினர் ‘பலமோன்’. பிராமணர் என்ற சொல்லின் திரிபு, ஆனால் குருமாரை மட்டுமல்ல, அந்தச் சமயத்தார் அனைவரையும் குறிக்கிறது. மாட்டிறைச்சி உண்ணமாட்டார்கள். மற்றொரு பகுதியினர் ‘பனி’. இஸ்லாம் இம்மண்ணின் மரபோடு கலந்து உருவான சமயம். பன்றியிறைச்சி உண்ணமாட்டார்கள். ரமழான் மாதத்தில் குடும்பத்தவர் அனைவருக்காகவும் மதகுருமாரே பள்ளியில் தங்கி நோன்பிருக்கின்றனர். அந்த மதகுருவின் பட்டம் ‘அசார்’. ஆசார்யர் என்ற சமஸ்கிருதச் சொல்லே அது. ஓர் இஸ்லாமிய மரபின் குருவை ஆசாரியர் என்று அழைக்கும் இடம் உலகில் வேறு எங்கேனும் உண்டா? இரு பிரிவினரும் தங்களை ஆணும் பெண்ணும் போல ஒன்றையொன்று நிறைவுசெய்யும் இரு பாதிகள் என்று கருதுகின்றனர். ஒருவர் சடங்கில் மற்றவரின் குருவுக்கு இடமுண்டு. பிற்பகலில் வான் லாம் என்ற கிராமத்தைக் கடந்தோம். அங்கே பனிப் பள்ளியும் உண்டு, 1960களையொட்டி இப்பகுதிக்கு வந்த சுன்னி இஸ்லாத்தின் பள்ளிவாசலும் உண்டு. பழைய பாதியும் புதிய வருகையும் எப்போதும் சுமுகமாக இருந்ததில்லை என்று மட்டும் வழிகாட்டி கூறினார். எங்கள் தேசத்திலும் அப்படித்தான் என்று சொல்ல நினைத்து நிறுத்திக்கொண்டேன்.

அன்றைய கடைசி இடம் போ ரோமே கோபுரம். தனித்த குன்று, கள்ளிச் செடிகள், ஆளரவமில்லை. நுழைவுச்சீட்டு விற்பவரும் இல்லை. சாம் மக்கள் இறுதியாகக் கட்டிய கோபுரங்களுள் இது ஒன்று. முன்னைய கோபுரங்களின் நுணுக்கம் இதில் இல்லை. அரசு சுருங்கியது செங்கல்லிலேயே தெரிகிறது. போ ரோமே 1627 முதல் 1651 வரை ஆண்டவர். அவருக்கு மூன்று மனைவியர். மூன்றாமவர் வியட் இளவரசி. அவள் நோயுற்றதாக நடித்து, அரண்மனையின் காவல் மரமான க்ரைக் மரத்தை வெட்டினாலன்றிப் பிழைக்கமாட்டேன் என்றாளாம். மன்னர் தாமே கோடரியை எடுத்தார். மரம் குருதி சிந்தி வீழ்ந்தது, நாடும் வீழ்ந்தது. இது ஐதீகம். இதை மன்னரின் அறிவீனம் என்றும் சொல்லலாம், தோல்விக்கு ஒரு பெண்ணைக் காரணம் காட்டும் ஆண்களின் பழைய வழக்கம் என்றும் சொல்லலாம். பிரெஞ்சுப் பெண்மணி இரண்டாவதைச் சொன்னார். காவல் மரத்தை வெட்டினால் பகைவன் வென்றான் என்பது சங்க காலத் தமிழருக்கும் தெரிந்த போர்முறைதான். நான் அதைக் கூறியபோது வழிகாட்டி தம் குறிப்பேட்டை எடுத்து எழுதிக்கொண்டார்.

மாணவி கேட்டார்: ‘அதற்குப் பிறகு என்ன நடந்தது?’

‘பிறகு நாடு ஒன்றானது’ என்றார் வழிகாட்டி. அவ்வளவுதான்.

திரும்பும் வழியில் பிரெஞ்சுத் தம்பதியரும் மாணவியும் முன்னே சென்றுவிட, என் சைக்கிளின் சங்கிலி கழன்றது. அவர் குனிந்து மாட்டிக்கொண்டே பேசினார். அந்த ஒற்றை வாக்கியத்தின் உட்புறத்தை எனக்குத் திறந்தார். அவர் கூறியதோடு, நான் பின்னர் வாசித்தவற்றையும் சேர்த்து எழுதுகிறேன்.

1693இல் நுயென் பிரபுக்கள் பாண்டுரங்கத்தை வென்றபோதும், எதிர்ப்புக் காரணமாக அதை ஒரு சிற்றரசாக விட்டுவைத்தனர். மன்னர் உண்டு, இறையாண்மை இல்லை. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹுவே பேரரசருக்கும் தெற்கே சைகோனில் இருந்த பெரும் ஆளுநர் லே வான் துயெத்துக்கும் இடையே பாண்டுரங்கம் அகப்பட்டிருந்தது. ஆளுநரின் நிழல் அதற்கு ஒருவகைக் காப்பு. 1832இல் லே வான் துயெத் இறந்தார். சில வாரங்களுக்குள் பேரரசர் மின் மாங் பாண்டுரங்கத்தை நேரடி ஆட்சிக்குள் கொண்டுவந்து அதன் அரசை ஒழித்தார். ஆளுநரின் பக்கம் சாய்ந்தவர்கள் தண்டிக்கப்பட்டனர். பழக்கவழக்கங்கள் மீது தடைகள் வந்தன. பலமோன்கள் மாட்டிறைச்சியும் பனிகள் பன்றியிறைச்சியும் உண்ண வற்புறுத்தப்பட்டதைச் சாம் மரபு நினைவில் வைத்திருக்கிறது. 1833இல் கதிப் சுமா என்ற இஸ்லாமிய குரு எழுச்சிக்குத் தலைமை தாங்கினார். அதை அடுத்து ஜா தாக் வா என்பவரின் எழுச்சி 1834இல் தொடங்கி 1835இல் அவர் கொல்லப்பட்டதும் முடிந்தது. கிராமங்கள் எரிந்தன. மக்கள் சிதறடிக்கப்பட்டு வியட் குடியிருப்புகளுக்கிடையே அமர்த்தப்பட்டனர்.

இவற்றை முறையாக ஆராய்ந்து எழுதியவர் போ தர்மா. இதே மண்ணில் பிறந்த சாம் இனத்தவர். இளமையில் ஃபுல்ரோ என்ற ஆயுத இயக்கத்தில் இருந்தவர், பின்னர் பாரிஸ் சென்று வரலாற்றாசிரியரானார். 1802 முதல் 1835 வரையான பாண்டுரங்கத்தைப் பற்றிய அவரது பிரெஞ்சு நூல் 1987இல் வெளிவந்தது. சாம் கையெழுத்துப் பிரதிகளையும் அரச ஆவணங்களையும் அவர் தம் ஆய்வுக்கு ஆதாரமாக்கினார். 2019இல் காலமானார். வழிகாட்டி அந்த நூலை வாசித்ததில்லை, பிரெஞ்சு தெரியாது. ஆனால் அதில் என்ன இருக்கிறது என்று தெரியும். ‘என் பாட்டனார் கூறிய கதைகளும் அதுவும் ஒன்றுதானாம்’ என்றார்.

வியட்நாமின் 2019ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி அந்நாட்டில் சாம் மக்கள் 178,948 பேர். 1978 முதல் இப்பகுதிப் பாடசாலைகளில் சாம் மொழிக்கான பாடநூல்களை ஒரு குழு தயாரித்து வருகிறது. ஆரம்ப வகுப்புகளில் குழந்தைகள் கற்கின்றனர். நம் நாட்டின் நிலையோடு ஒப்பிட்டு அதைக் குறைத்து மதிப்பிடக் கூடாது. ஆனால் பாடநூலில் எழுத்துமுறை எளிமையாக்கப்பட்டது. அது சரியா தவறா என்று சாம் அறிஞர்களிடையே கடும் விவாதம் நிகழ்ந்தது. எழுத்துச் சீர்திருத்தத்துக்காகத் தமிழ் அறிஞர்கள் மோதிக்கொண்டதைப் பார்த்தவன் என்பதால் அது எனக்கு வியப்பளிக்கவில்லை. விளைவு ஒன்றை மட்டும் நேரில் பார்த்தேன்.

மாலை ஐந்து மணிக்கு அவர் என்னை மட்டும் தம் வீட்டுக்கு அழைத்துச் சென்றார். வீட்டு விட்டத்திலிருந்து மூங்கிலும் பிரம்பும் கொண்டு பின்னிய ஒரு கூடை தொங்கியது. ‘சியெத்’ என்பர். உள்ளே அவரது தாயின் தந்தை எழுதியவையும் அவருக்கு முன்னோர் படியெடுத்தவையுமான ஏடுகள். என்ன ஏடுகள் என்று கேட்டேன். சடங்குகள், நாட்குறிப்பு முறை, மருந்து, ஒருவேளை அரசர் வரலாறு. ‘ஒருவேளை’ என்றார். ஏனெனில் அவரால் வாசிக்க முடியாது. பாடசாலையில் கற்ற எழுத்து அவருக்குத் தெரியும். பாட்டனாரின் கை வேறு. எழுத்தை ‘அகார்’ என்பர், நம் அட்சரம்தான் அது. கூடையின் மேலே கட்டியிருந்த ஒரு தாளில் நான்கைந்து சொற்கள் இருந்தன. இருவரும் சேர்ந்து முயன்றோம். அவர் இரண்டு எழுத்துகளை அடையாளம் கண்டார். நான் ஒன்றையும் காணவில்லை. பல்லவ எழுத்தின் உறவைப் பற்றிக் காலையில் பேசியவன், மாலையில் மௌனமானேன்.

கூடையைத் திறந்து பார்க்கலாமா என்று கேட்டது என் தொழிற்பழக்கம். கூடாது. திறப்பதற்குச் சடங்கு உண்டு. குருவை அழைக்க வேண்டும், படையல் வைக்க வேண்டும். வாசிப்பாரும் பேணுவாரும் இல்லாத ஏடு வீட்டிலிருந்தால் நோய் வரும் என்பது நம்பிக்கை. அத்தகைய ஏடுகளைக் கைவிடப்பட்ட ஏடுகள் என்று கருதிப் பல குடும்பங்கள் ஆற்றில் விட்டிருக்கின்றன. அவருடைய தாய்மாமனும் அதையே வற்புறுத்துகிறார். தாய்வழிச் சமூகத்தில் தாய்மாமனின் சொல்லுக்கு எடை அதிகம். தாயார் கடந்த ஆண்டு இரு தடவை நோயுற்றதும் மாமனின் வாதத்துக்கு வலுச் சேர்த்தது.

1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்ததைப் பற்றி அவரிடம் கூறினேன். தீயிட்டவர்கள் வெளியிலிருந்து வந்தவர்கள் என்பதால் எங்களுக்குக் கோபப்பட ஓர் இலக்கு இருந்தது. இவர் யார் மீது கோபப்படுவார்? மாமன் நல்ல மனிதர். சகோதரியின் உடல்நலத்துக்காகப் பேசுகிறார்.

பிரித்தானிய நூலகத்தின் அழிநிலை ஆவணங்களுக்கான திட்டத்தின் கீழ் சாம் ஏடுகள் பல 2010களில் மின்வடிவாக்கப்பட்டு இணையத்தில் வைக்கப்பட்டுள்ளன. அவருக்கு அது தெரிந்திருந்தது. அந்தப் பணி நடந்த நாட்களில் பாட்டனார் உயிருடன் இருந்தார், அந்நியர் கையில் ஏட்டைக் கொடுக்க மறுத்துவிட்டார். என் கைத்தொலைபேசியில் அந்தத் தளத்தைத் திறந்து வேறு வீடுகளின் ஏடுகளைச் சற்று நேரம் பார்த்தோம். ஒரு பக்கத்தில் அவர் நிறுத்தி, விரலால் பெரிதாக்கி, ‘இந்தக் கை பாட்டனாரின் கையைப் போல இருக்கிறது’ என்றார்.

அதன் பின்னர் நாங்கள் மின்னஞ்சலில் தொடர்பில் இருக்கிறோம். 2025 யூலை 1 முதல் அவருடைய மாகாணமான நின் துவான் வடக்கேயுள்ள கான் ஹோவாவுடன் இணைக்கப்பட்டுவிட்டது. 2016இல் கைவிடப்பட்டு, 2024 இறுதியில் மீண்டும் எடுக்கப்பட்ட அணுமின் நிலையத் திட்டம் பற்றியும் எழுதியிருந்தார். அதிகம் எழுதவில்லை. அவருடைய பெயரை நான் தவிர்ப்பதும் அந்தச் சுருக்கத்தை மதித்துத்தான். கூடையைப் பற்றி ஒவ்வொரு தடவையும் கேட்கிறேன். பாட்டனாரின் எழுத்தை வாசிக்கக்கூடிய ஒரு முதியவரை அயல் கிராமத்தில் கண்டுபிடித்துவிட்டதாகவும், வாரத்தில் இரு மாலைகள் சைக்கிளில் அங்கு சென்று கற்பதாகவும் கடைசி மடலில் எழுதியிருந்தார். கூடையைத் திறக்கும் சடங்குக்கு ஓர் ஆடு வேண்டும். அடுத்த பருவத்துச் சுற்றுலாப் பயணிகள் வந்ததும் அதற்கான காசு சேர்ந்துவிடும், அதுவரை மாமனிடம் தவணை கேட்டிருக்கிறேன் என்று முடித்திருந்தார்.